'அவங்க்யுலர்'னா 'மாமன் போன்ற'னு எழுதலாமா? மொழிபெயர்ப்புல மாட்டிக்கிட்டேன்

கோமதி_மதுரை கேட்டது:

எல்லாருக்கும் வணக்கம். ஒரே ஒரு வார்த்தையில நாலு நாளா நிக்கிறேன், யாராவது கை குடுங்க. வால்டர் கிராங்கைட் பத்தி ஒரு கட்டுரைய தமிழ்ல கொண்டு வந்துட்டிருக்கேன். அமெரிக்காவுல சிபிஎஸ் டிவில 1962ல இருந்து 1981 வரைக்கும் சாயங்கால நியூஸ் வாசிச்சவர், ஜனங்க அவர 'அங்கிள் வால்டர்'னே சொல்லிருக்காங்க. அவரோட முகம், குரல், சிரிப்பு எத பத்தி பேசினாலும் அந்தக் கட்டுரையில 'அவங்க்யுலர்'னு ஒரு வார்த்தை வந்துடுது (ஏ வி யு என் சி யு எல் ஏ ஆர், ரெண்டாவது அசைய அழுத்தி அ-வங்-க்யு-லர்னு சொல்லணுமாம்). டிக்ஷனரிய பாத்தா 'மாமனுக்குரிய, மாமன் போன்ற'னு இருக்கு.

சரின்னு 'மாமன் போன்ற புன்னகை'னு எழுதி வாய்விட்டு வாசிச்சு பாத்தேன், சுத்தமா ஒட்டல. எங்க பக்கம் மாமன்னா முறை, கேலி, மஞ்சத்தண்ணி, கட்டிக்கப்போறவன்னு என்னென்னமோ சேந்து வருது, போதாததுக்கு 'மாமா வேலை'னு வேற ஒரு அசிங்கமான அர்த்தமும் இருக்கு. ஒரு நியூஸ் வாசிக்கிற பெரியவர பத்தி அப்படி எழுதினா படிக்கிறவங்க மனசுல என்ன படம் வரும் சொல்லுங்க. இந்த வார்த்தைக்கு உண்மையில என்ன அர்த்தம், யார பத்தி சொல்லலாம் யார சொல்லக்கூடாது, தமிழ்ல எப்படி கொண்டு வரலாம், தெரிஞ்சவங்க கொஞ்சம் விளக்கமாவே எழுதுங்க.

---

பிழைதிருத்தி எழுதினது:

அக்கா, இன்னிக்கு இங்கிலீஷ்ல இது சொந்தத்த பத்தின வார்த்தையே இல்ல, ஒரு ஆளோட தோரணைய பத்தின வார்த்தை. வயசுல பெரியவர், நம்மகிட்ட பேசும்போது அன்பாவும் கொஞ்சம் வேடிக்கையாவும் பேசுவார், புத்தி சொல்வார் ஆனா அதட்ட மாட்டார், அப்படிப்பட்டவர சொல்றதுக்குத்தான் இது. அவங்க்யுலர் மேனர், அவங்க்யுலர் டோன், அவங்க்யுலர் ஃபிகர், அவங்க்யுலர் அட்வைஸ், இந்த நாலு ஜோடியிலதான் அதிகமா பாக்கலாம்.

'ஃபாதர்லி'க்கும் இதுக்கும் என்ன வித்தியாசம்னு கேட்டீங்கன்னா, அப்பாவுக்கு கண்டிக்கிற உரிமை இருக்கு, மார்க் கொறஞ்சா கேள்வி கேப்பார், அவங்க்யுலர் ஆளுக்கு அந்த உரிமை கிடையாது, அவர் அத கேக்கவும் மாட்டார், தோள்ல ஒரு தட்டு தட்டி 'சாப்டியா மொதல்ல'னு கேப்பார் அவ்வளவுதான். அதிகாரம் இல்லாத அக்கறைனு வெச்சுக்கலாம்.

எச்சரிக்கையா இருக்க வேண்டிய இடம் ஒண்ணு இருக்கு. இத சொன்னாலே 'உங்களுக்கு வயசாயிடுச்சு'னு சேத்து சொன்ன மாதிரி ஆயிடும். எங்க ஆபீஸ்ல ஒரு பையன் மேனேஜரோட ஃபேர்வெல் மெயில்ல அவர பத்தி பாராட்டா இந்த வார்த்தைய போட்டான், மனுஷனுக்கு நாப்பத்தி ரெண்டு வயசுதான், அதுக்கப்புறம் ரெண்டு நாள் அவர் முகமே சரியில்ல. அதே மாதிரி பெண்கள பத்தி இத சொல்ல மாட்டாங்க. 'ஆன்ட்டி மாதிரி'ங்கறதுக்கு 'மட்டெர்ட்டரல்'னு ஒரு வார்த்தை இருக்கறதுக்கு இருக்கு, ஆனா நான் இத்தன வருஷத்துல யாரும் சீரியஸா எழுதி பாத்ததில்ல.

---

பேராசிரியர்_ஓய்வு எழுதினது:

கோமதி, டிக்ஷனரிக்காரர் 'மாமன்'னு போட்டதுல தப்பு சொல்ல முடியாதும்மா, அவர் வேர்ல இருந்து போட்டுருக்கார். லத்தீன்ல 'அவுங்குலுஸ்'னா தாய்மாமன். பொதுவா அங்கிள்னு இல்ல, அம்மாவோட கூடப்பிறந்தவன் மட்டும்தான். தாத்தாவுக்கு 'அவுஸ்'னு பேரு, அதுல இருந்து வந்த செல்லப்பேரு 'அவுங்குலுஸ்', குட்டித் தாத்தானு சொல்ற மாதிரி. அப்பாவோட கூடப்பிறந்தவனுக்கு வேற பேரு, 'பத்ரூஸ்'. அது அப்பாங்கற 'பாத்தர்'ல இருந்து வந்தது. அத்தைக்கு 'அமிதா', அம்மாவோட அக்கா தங்கச்சிக்கு 'மாதெர்தெரா', இது அம்மாங்கற 'மாத்தர்'ல இருந்து.

இத கொஞ்சம் நிதானமா பாரு. நாம அப்பாவோட அண்ணன் தம்பிய பெரியப்பா சித்தப்பானு 'அப்பா' சேத்து கூப்பிடுறோம், அம்மாவோட அக்காவ பெரியம்மானு 'அம்மா' சேத்து கூப்பிடுறோம், மாமாவுக்கும் அத்தைக்கும் மட்டும் தனிப்பேரு. ரோமாபுரிலயும் அச்சு அசலா இதே கணக்குதான்! நாப்பது வருஷம் முந்தி இத மொத மொத கவனிச்ச அன்னிக்கு எனக்கு ராத்திரி தூக்கமே வரல. ரெண்டு மொழிக்கும் உறவு இருக்குனு இதுக்கு அர்த்தம் இல்ல, குடும்பத்த பாக்கற பார்வை ஒண்ணா இருந்திருக்கு.

இன்னொரு விசேஷம். இங்கிலீஷ்ல பழைய காலத்துல தாய்மாமனுக்கு 'ஏயம்', சித்தப்பாவுக்கு 'ஃபேடெரா'னு தனித்தனியா வெச்சிருந்தாங்க. 1066ல நார்மன்காரங்க வந்த பிறகு பிரெஞ்சு வார்த்தைகள் உள்ள வந்துச்சு, 'அவுங்குலுஸ்' தேஞ்சு அங்கிள் ஆச்சு, 'அமிதா' தேஞ்சு ஆன்ட் ஆச்சு, மத்த பேரெல்லாம் போயிடுச்சு. ஆக இன்னிக்கு உலகம் பூரா சொல்ற அங்கிள் வேர்ல பாத்தா மாமா, ஆன்ட்டி வேர்ல பாத்தா அத்தை. நம்ம ஊர் குழந்தைங்க பக்கத்து வீட்டுக்காரர அங்கிள்னு கூப்பிடும்போது அவங்களுக்கே தெரியாம மாமானுதான் கூப்பிடுறாங்க.

இந்த வார்த்தைக்கு ஏன் அன்புங்கற வாசனை வந்துச்சுனு கேட்டா, ரோமர்கள் கிட்ட சித்தப்பா பெரியப்பாக்கு கண்டிப்பானவர்ங்கற பேரு இருந்தது, ஹொராஸ் எழுதின கவிதையிலயே 'எனக்கு பத்ரூஸா இருக்காதே'ங்கற தோரணையில, அதாவது என்னை ரொம்ப கண்டிக்காதேங்கற அர்த்தத்துல வருது. மாமன் அதுக்கு எதிர்ப்பக்கம், செல்லம் குடுக்கறவன். கி.பி. 79ல வெசுவியஸ் எரிமலை வெடிச்சப்போ செத்துப்போன ரோம எழுத்தாளர் மூத்த பிளினி, அவர பத்தி இளைய பிளினி வரலாற்று ஆசிரியர் டாசிட்டஸுக்கு எழுதின கடுதாசியோட மொத வரியிலயே 'என் அவுங்குலுஸோட முடிவ எழுதச் சொல்லி கேக்கறீங்க'னுதான் ஆரம்பிக்கும். மூத்தவர் இளையவருக்கு தாய்மாமன், பையன தன் பிள்ளையாவே சுவீகாரம் எடுத்துக்கிட்டவர்.

ஆனா முறை விஷயத்துல ரோம் நமக்கு நேர் தலைகீழ். கி.பி. 49ல கிளாடியுஸ் சக்கரவர்த்தி தன் அண்ணன் மக அக்ரிப்பினாவ கல்யாணம் பண்ணிக்க ஆசைப்பட்டு, அதுக்காக சட்டத்தையே மாத்த வெச்சார். அந்த சட்டத்துல அண்ணன் தம்பி மகள கட்டிக்கலாம், அக்கா தங்கச்சி மகள கட்டிக்கக்கூடாதுன்னு இருந்தது. நமக்கு அண்ணன் மகள்னா சொந்த மக, நினைச்சாலே பாவம், அக்கா மகளோ பல வீடுகள்ல உரிமைப்பொண்ணு. அதனால 'மாமன்'ங்கற வார்த்தை நம்ம காதுல விழுந்ததும் உனக்கு கல்யாண வாசனை அடிச்சது ரொம்ப சரி, அந்த வாசனை லத்தீன்லயும் இல்ல, இங்கிலீஷ்லயும் இல்ல.

---

மேலூர்க்காரன் எழுதினது:

நான் கொஞ்சம் மாறுபடுறேன். தாய்மாமன விட பாசமான உறவு நம்மகிட்ட என்ன இருக்கு? எங்க அக்கா மகனுக்கு போன தை மாசம் காதுகுத்து, மொட்டை அடிச்சு சந்தனம் பூசி என் மடியிலதான் உக்கார வெச்சாங்க, ஆசாரி வலது காத பிடிச்சதுமே பய வீறிட்டு என் வேட்டிய இறுக்கி பிடிச்சுக்கிட்டான், நான் ஒரு கையால அவன் தலைய நெஞ்சோட சேத்து பிடிச்சுக்கிட்டு இன்னொரு கையால வாழைப்பழத்த வாயில வெச்சேன், ரெண்டாவது காது குத்தினதே அவனுக்கு தெரியல. அந்த மடி தான்க அவங்க்யுலர். 'தாய்மாமன் வாஞ்சை'னு எழுதுங்க, தமிழனுக்கு புரியும்.

---

நாரோயில்_சுப்பு எழுதினது:

மேலூர் அண்ணாச்சி சொல்லுதது மனசுக்கு நல்லாத்தான் இருக்கு, ஆனா எங்க பக்கம் கத வேற. நாஞ்சில் நாட்டு வேளாளர்ல முன்னாடி மருமக்கள்வழி, சொத்து மகனுக்கு போவாது, அக்கா தங்கச்சி பிள்ளைங்களுக்குத்தான். குடும்பத்துக்கு தலைவர் காரணவர், அதாவது மாமா. அவரு முன்னால உக்காரவே பயப்படுவாங்கன்னு எங்க ஆச்சி சொல்லி கேட்டிருக்கேன். சோறு போடுததும் அவருதான், கணக்கு கேக்கதும் அவருதான். திருவிதாங்கூர் ராஜாக்களுக்கே மருமகன், அதாவது அக்கா தங்கச்சி மகன்தான் வாரிசா இருந்தான்.

இத ஏன் சொல்லுதேன்னா, மானிடவியல் புஸ்தகங்கள்ல இதே அவங்க்யுலர் வரும், 'அவங்க்யுலேட்'னும் வரும், அங்க அதுக்கு அன்பு கிடையாது, வெறுமனே 'தாய்மாமன் சம்பந்தப்பட்ட'ங்கற அர்த்தம்தான். மாலினோவ்ஸ்கிங்கற மானிடவியலாளர் போயி தங்கியிருந்த ட்ரோப்ரியாண்ட் தீவுகள்ல பையன் வளந்ததும் மாமன் ஊருக்கு போயி குடியேறுவான், அந்த வழக்கத்துக்கு பேரே 'அவங்க்யுலோகல்'. ராட்க்ளிஃப் ப்ரவுன்ங்கற இன்னொரு மானிடவியலாளர் 1924ல தென்னாப்பிரிக்க தாய்மாமன பத்தி தனியா ஒரு கட்டுரையே எழுதியிருக்காரு. அந்த மாதிரி பாடத்த மொழிபெயர்க்கும்போது 'வாஞ்சையான'னு போட்டா தப்பாப் போயிரும், அங்க தாய்மாமன்னே போடணும். பத்திரிகைல வந்தா குணம், பாடப்புஸ்தகத்துல வந்தா உறவு, ரெண்டையும் பிரிச்சு வெச்சுக்கிடுங்க.

---

யாழ்_தரன் எழுதினது:

எங்கட பக்கம் அப்பாவின்ர கூட்டாளிமாரையும் மாமா எண்டுதான் கூப்பிடுறனாங்கள், அதில கலியாணக் கதை ஒண்டும் வராது. அதால 'மாமா மாதிரி' எண்டு எழுதினா எனக்கு உடன விளங்கும், மதுரையில வாசிக்கிறவைக்கு வேற மாதிரி விளங்கும் எண்டுறது இப்பதான் தெரியுது. நீங்கள் ரெண்டு பக்கத்துக்கும் எழுதுறியள் எண்டால் உறவுப் பேரை விட்டுட்டு 'வீட்டுப் பெரியவர் ஒராள் மாதிரி' எண்டு போடுங்கோ அக்கா, ஒருத்தருக்கும் இடறாது.

இன்னொண்டு, பழைய ஆங்கிலக் கதையள் வாசிக்கேக்க கவனம். 19ஆம் நூற்றாண்டில அடகு பிடிக்கிறவரை கொச்சையில 'என்ர அங்கிள்' எண்டு சொல்லுவினம், அதை வைச்சு அடகுக்கடையைக் குறிக்கவும் அவங்க்யுலர் எண்டு பகிடியா எழுதியிருக்கினம். பிரெஞ்சில அடகுக்கடைக்குப் பேர் 'என்ர மாமி' மாதிரி ஒண்டு. அந்த இடத்தில அன்பு பாசம் எண்டு மொழிபெயர்த்தா கதையே மாறிப்போகும்.

---

கோமதி_மதுரை எழுதினது:

எல்லாருக்கும் ரொம்ப நன்றி, இவ்வளவு வரும்னு நான் நினைக்கவே இல்ல. அத்தையும் மாமாவும் அங்கிளுக்கும் ஆன்ட்டிக்கும் உள்ள உக்காந்திருக்காங்கன்னு எங்க வீட்ல எல்லாருக்கும் சொல்லிட்டேன் சார்.

மேலூர் அண்ணே, உங்க மடி கதைய படிச்சு கண்ணு கலங்கிடுச்சு, ஆனா யோசிச்சு பாத்தா அதனாலதான் 'தாய்மாமன்' இங்க பொருந்தலனு தோணுது. நீங்க அந்த மடில உக்கார வெச்சது உங்க உரிமை, உங்க கடமை, சீர் செய்யணும், மாலை போடணும், நீங்க வரலைன்னா ஊசியே எடுக்க மாட்டாங்க. கிராங்கைட்டுக்கு அப்படி ஒரு கடமையும் கிடையாது. யாரோ ஒருத்தர், டிவிக்குள்ள இருக்கார், பாக்கறவங்களுக்கு அவர் ஒரு சொந்தமும் இல்ல, ஆனாலும் வீட்டுப் பெரியவர் மாதிரி நம்பினாங்க. பிழைதிருத்தி தம்பி சொன்ன 'அதிகாரம் இல்லாத அக்கறை' அதுதான் எனக்கு கதவ தொறந்து விட்டுச்சு.

கட்டுரையில ஒரு இடம் இருக்கு, 1963 நவம்பர் 22, கென்னடி சுடப்பட்ட அன்னிக்கு. அந்த வீடியோவ தேடி பாத்தேன். கோட்டு போடல, சட்டையும் டையுமா உக்காந்திருக்கார், கையில ஒரு துண்டுச் சீட்டு குடுக்கறாங்க, கறுப்பு ஃப்ரேம் கண்ணாடிய போட்டு அத வாசிக்கிறார், ஜனாதிபதி இறந்துட்டார்னு சொல்லிட்டு கண்ணாடிய கழட்டறார், நிமிந்து செவுத்துல இருக்கற கடிகாரத்த பாத்து எத்தன நிமிஷத்துக்கு முந்தினு கணக்கு சொல்றார், மறுபடி கண்ணாடிய போடறார், தொண்டைய விழுங்கறார், ஒரு நொடி பேச்சு வரல. அப்புறம் தொடர்ந்து வாசிக்கிறார். எங்க தாத்தா செத்த செய்திய எங்க பெரியப்பா வாசல்ல நின்னு சொன்னப்ப அவரும் இப்படித்தான் கண்ணாடிய கழட்டி துண்டுல துடைச்சு திரும்ப போட்டுக்கிட்டு, அடுத்து யார் யாருக்கு தந்தி குடுக்கணும்னு சொல்ல ஆரம்பிச்சார்.

யாழ் தம்பி சொன்ன மாதிரியே உறவுப்பேர விட்டுட்டேன். இப்ப எழுதியிருக்கறது இது: 'வீட்டுப் பெரியவர் ஒருவரின் வாஞ்சை அவர் முகத்தில் இருந்தது, அதட்டாத குரல்.' மத்த இடங்கள்ல 'வாஞ்சையான', 'பெரியவர் தோரணையில்'னு இடத்துக்கு தக்க மாத்திக்கப்போறேன், எல்லா இடத்துலயும் ஒரே வார்த்தைய போட மாட்டேன். 'அங்கிள் வால்டர்' மட்டும் அப்படியே இருக்கட்டும், அது ஜனங்க வெச்ச பேரு.

---

பேராசிரியர்_ஓய்வு எழுதினது:

'அதட்டாத குரல்'தான் ரொம்ப நல்லா வந்திருக்கும்மா. 'ஒருவரின்' வேண்டாம், 'வீட்டுப் பெரியவரின் வாஞ்சை'னே போடு, வாக்கியம் இன்னும் கிட்ட வரும்.

---

கோமதி_மதுரை எழுதினது:

மாத்திட்டேன் சார்.