எலாங்கேஷனுக்கு ஒரு சொல் வேண்டும், வியாழனுக்குள்

தக்கலை, அறிவியல் ஆசிரியை:

அனைவருக்கும் வணக்கம். ஒரு அவசரம். எங்கள் பள்ளிப் பிள்ளைகளை முட்டம் கடற்கரைக்குக் கூட்டிப்போய் அந்தி வானத்தில் கோள்களைக் காட்டப்போகிறோம். பிள்ளைகள் கையில் கொடுக்க ஒரு தாள் அச்சாகிறது. வியாழக்கிழமை காலையில் அச்சகத்துக்குப் போயாக வேண்டும். மற்றதெல்லாம் எழுதிவிட்டேன், எலாங்கேஷன் என்ற ஒரே சொல்லில் தட்டி நிற்கிறது.

பூமியிலிருந்து பார்க்கும்போது சூரியனுக்கும் கோளுக்கும் இடையே உள்ள கோணம் அது. புதனுக்கு அது உச்சத்திலேயே 18 முதல் 28 பாகைதான். வெள்ளிக்கு ஏறத்தாழ 47. அந்த உச்ச நாட்களை ஒட்டித்தான் புதனை வெறுங்கண்ணால் பிடிக்க முடியும் என்பதால் சொல்லைத் தவிர்க்கவும் வழியில்லை. 'நீட்சி' என்று போட்டால், கம்பியில் எடையைத் தொங்கவிட்டு அளக்கிற நீட்சிதான் பிள்ளைகளுக்கு ஓர்மை வரும்.

இன்னொரு தலைவலியும் உண்டு. 'கிழக்கு எலாங்கேஷன்' என்றால் கோள் மாலையில் மேற்கு வானத்தில் தெரியும்! சூரியனுக்குக் கிழக்கே இருப்பதால் சூரியன் மறைந்த பிறகுதான் மறைகிறது, அவ்வளவுதான். ஆனால் தாளில் 'கிழக்கு' என்று இருந்தால் பாதிப் பிள்ளைகள் கடலுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு நிற்பார்கள்.

நாகர்கோவில், மொழிபெயர்ப்பாளர்:

'விலகல்' போதுமே டீச்சர். 'பெரும விலகல்'. எல்லாருக்கும் விளங்கும்.

கருங்கல்காரர், இப்போது சென்னையில் பொறியாளர்:

விளங்கும் சார், ஆனால் வேறு ஏதோ விளங்கும். பாடநூலில் ஒளிவிலகல் உட்கார்ந்திருக்கிறது. அதுவும் இதே தாளில் வரக்கூடிய விஷயம்: அடிவானத்தில் இறங்கும் கோளைக் காற்று மண்டலத்தின் ஒளிவிலகல் அரைப் பாகைபோல மேலே தூக்கிக் காட்டும். 'விலகலின்போது விலகல்' என்று எழுத நேரிடும். 'கோணத்தொலைவு' என்று வைக்கலாம் என்று பார்த்தேன். அது எந்த இரண்டு விண்மீனுக்கும் பொதுவான சொல், சூரியன் அதில் இல்லை.

திருவட்டாறு, ஓய்வுபெற்ற தமிழாசிரியர்:

அன்புடையீர், சூரியனைச் சொல்லுக்குள் கொண்டுவரத் தமிழில் வழியா இல்லை? 'எல்' என்றால் ஒளி, ஞாயிறு, பகல். 'எல்லே இலக்கம்' என்பது தொல்காப்பியம். எல் படும் பொழுது எற்பாடு, நம் நெய்தல் நிலத்துக்குரிய சிறுபொழுது. ஆகவே எல் + அகலம் = எல்லகலம். தனிக்குறில் முன் ஒற்று உயிர் வர இரட்டியது. கோள் எல்லிலிருந்து அகன்று நிற்கும் அளவு. இதைவிடச் செறிவாக ஒரு சொல் அமையாது.

கோள் என்பதும் நல்ல தமிழே. கெடு கேடு ஆனதுபோலவும் சுடு சூடு ஆனதுபோலவும் கொள் என்னும் முதனிலை நீண்டு கோள் ஆயிற்று. கிரகம் என்ற வடசொல்லுக்கும் பற்றுதல் என்பதுதான் வேர்ப்பொருள். யாரைப் பார்த்து யார் ஆக்கிக்கொண்டார்கள் என்பதைத் தனி மடலாக எழுதுகிறேன். அப்புறம், தாளில் 'புதன்', 'சனி' என்று இருப்பதாகத் தெரிகிறது. அறிவன், காரி என்று திருத்திக்கொள்ளலாமே. எலாங்கேஷன் என்னும் சொல்லின் தலையிலும் ஒரு 'எல்' இருப்பதைத் தற்செயல் என்று தள்ள எனக்கு மனம் வரவில்லை.

பொறியாளர்:

ஐயா, மன்னிக்கணும். அதில் இருப்பது லத்தீன் 'லாங்கஸ்', நீளம். முன்னால் உள்ள 'எ' வெறும் முன்னொட்டு. எல்லகலம் கேட்க நன்றாக இருக்கிறது. ஆனால் எட்டாம் வகுப்புப் பையன் 'எல்லை அகலம்' என்றுதான் எழுதுவான். 'அகலம்' பூகோளத்தில் அகலாங்காகவும் அகலக்கோடாகவும் வேறு வேலையில் இருக்கிறது. அறிவன் வேண்டாம் ஐயா. காலண்டரில் புதன்கிழமை இருக்கிறவரை பிள்ளைகள் தேடப்போவது புதனைத்தான்.

குளச்சல், கடலோரத்து இளைஞர்:

நான் இலக்கணம் பேச வரவில்லை. எங்கள் வீட்டில் எல்லாரும் கட்டுமரத்தில் போனவர்கள். மலைமுகட்டையும் கோயில் கோபுரத்தையும் ஒரே நேரில் பிடித்து, கடலடிப் பாறைத்திட்டு, எங்கள் பேச்சில் 'பார்', எங்கே கிடக்கிறது என்று சொல்லுவார்கள். கோணம் என்ற பேச்சே வராது, ஆனால் செய்வது கோணக் கணக்குதான். விடிவெள்ளியை எல்லாருக்கும் தெரியும். புதனைத் தனியாகப் பேர் சொல்லி நான் கேட்டதில்லை.

டீச்சர், தாளில் பாகையோடு கையளவையும் சேருங்கள். கையை முழுக்க நீட்டி விரலை மடக்கினால் முட்டியின் அகலம் சுமார் 10 பாகை. சூரியன் முங்கின இடத்திலிருந்து இரண்டு முட்டி, கூடிப்போனால் மூன்று, அதற்குள்தான் புதன் கிடக்கும். அது கட்டுத்தறியில் கட்டின ஆடு, கயிறு அவ்வளவுதான் நீளம். எனக்குப் பட்ட சொல் 'ஒதுக்கம்'. சூரியனை விட்டு ஒதுங்கி நிற்கிறது இல்லையா?

மொழிபெயர்ப்பாளர்:

ஒதுக்கம் என்றால் ஒதுக்கப்பட்டது என்று ஆகிவிடுமே தம்பி. 2006-இல் புளூட்டோவைத்தான் ஒதுக்கினார்கள். புதன் என்ன பாவம் செய்தது? எல்லகலத்திலிருந்து 'எல்' என்பதைக் கழற்றிவிட்டு 'அகற்சி' என்று வைத்தால் என்ன? ஐயாவுக்கும் பாதி கிடைத்த மாதிரி இருக்கும்.

சுசீந்திரம், பஞ்சாங்கம் பார்ப்பவர்:

இவ்வளவு பாடு எதற்கு? நம்மிடம் அஸ்தங்கம் இருக்கிறதே. கோள் சூரியனுக்கு மிக நெருங்கிக் கண்ணுக்குத் தெரியாமல் போவது. சூரிய சித்தாந்தத்தில் ஒவ்வொன்றுக்கும் அளவும் உண்டு: வெள்ளிக்கு 10 பாகை, வியாழனுக்கு 11, புதனுக்கு 14, சனிக்கு 15, செவ்வாய்க்கு 17. வெள்ளிக்குக் குறைந்த அளவு ஏன் தெரியுமா? அதுதான் பளிச்சென்று இருக்கிறது, சூரியனுக்குப் பக்கத்தில் வந்தாலும் கண்ணில் படும். சுக்கிர மௌட்யம் என்று கல்யாணத்தைத் தள்ளிப்போடுகிறோமே, அதற்கு அடியில் இருப்பது இந்தக் கணக்குதான்.

ஆசிரியை:

அளவுகள் அருமை, பிள்ளைகளுக்குச் சொல்கிறேன். ஆனால் அஸ்தங்கம் என்பது கோணம் குறைந்த நிலை. எனக்கு வேண்டியது கோணத்துக்கே ஒரு பெயர். அதுவும் போக, அறிவியல் தாளில் கல்யாண முகூர்த்தம் ஏறினால் தலைமையாசிரியருக்கு நான்தான் பதில் சொல்ல வேண்டும்.

அகற்சி எனக்குச் சரியாகப் படுகிறது. 'ஆக்கிரமிப்பு அகற்றல்' வாடை லேசாக அடித்தாலும் பழகிவிடும்.

தமிழாசிரியர்:

பாதி கிடைத்ததாகச் சொன்னீர்கள். எல் போனால் எஞ்சுவது எதிலிருந்து அகற்சி? திருப்பாவையில் 'வெள்ளி எழுந்து வியாழம் உறங்கிற்று' என்று ஆண்டாள் பாடுகிறாள். வெள்ளி கிழக்கே எழும்போது வியாழன் மேற்கே இறங்குகிறது. இந்த வரியை வைத்தே ஆண்டாளின் காலத்தைக் கணித்த அறிஞர்கள் உண்டு. அந்தக் கணக்கு சரியா என்பதில் எனக்கு நீண்ட ஐயம் உண்டு, எழுதவா?

ஒருங்கிணைப்பாளர்:

ஐயா, ஆண்டாள் காலத்துக்குத் தனி இழை தொடங்குங்கள், நானும் வருகிறேன். இங்கே வேண்டாம்.

பொறியாளர்:

ஐயா சொன்ன வரி தாளுக்கே உதவும். வியாழனால் சூரியனை விட்டு 180 பாகை வரை போக முடியும், அதனால்தான் விடியலில் அது எதிர்த்திசையில் இறங்க முடிகிறது. இதையே மாற்றி 'வியாழன் எழுந்து வெள்ளி உறங்கிற்று' என்று விடியலில் ஒருநாளும் பாட முடியாது. வெள்ளிக்கு 47-க்கு மேல் போக்கு கிடையாது. பூமியைவிடச் சூரியனுக்குப் பக்கத்தில் சுற்றுகிற இரண்டுக்கும் இதுதான் கதி.

கிழக்கு, மேற்குச் சிக்கலுக்கு ஒன்று தோன்றுகிறது. திசையை விட்டுவிட்டுப் பொழுதைச் சொல்லலாம். 'மாலை அகற்சி', 'காலை அகற்சி'. எப்போது பார்க்கணும் என்பது பெயரிலேயே வந்துவிடும். மேல்வகுப்பில் திசையைச் சொல்லிக்கொடுத்தால் போதும்.

இன்னொன்று. நம் மாவட்டம் 8 பாகை அகலாங்கில் இருக்கிறது. கோள்கள் போகும் பாதை இங்கே அந்தியில் ஏறக்குறைய நிமிர்ந்தே நிற்கும். லண்டனில் அது பல மாதங்களில் அடிவானத்தோடு சாய்ந்து படுத்துவிடுவதால் அங்கே புதனைப் பார்ப்பது பெரும்பாடு. வானம் பாகைக்கு 4 நிமிடமாகச் சுழல்கிறது. 18 பாகை அகற்சி என்றாலும் சூரியன் மறைந்து சுமார் ஒரு மணி நேரம் புதன் கடலுக்கு மேலே நிற்கும். சூரியன் மறைந்து அரை மணி கழித்துத் தேடச் சொல்லுங்கள்.

குளச்சல் இளைஞர்:

கலங்கரை விளக்கத்தின் வெளிச்சம் கண்ணில் படாத பக்கமாக நிறுத்துங்கள். கடல்மேல் மப்பு இருந்தால் புதன் சிவந்து மங்கிப்போகும், ஏதோ வள்ளத்து விளக்கு என்று விட்டுவிடுவார்கள். நான் ஒதுக்கத்தை விடவில்லை, இருந்தாலும் அகற்சிக்குக் கை தூக்குகிறேன். நேரமாச்சு.

ஒருங்கிணைப்பாளர்:

கூட்டிப் பார்த்தால் அகற்சிக்குத்தான் ஆதரவு அதிகம். அதில் பாதிப்பேர் 'ஏதாவது ஒன்று வைத்துத் தொலையுங்கள்' என்று எழுதியவர்கள், அதையும் ஆதரவாகவே எடுத்துக்கொண்டேன். எல்லகலம் மாற்றுச்சொல்லாகக் குழுவின் பட்டியலில் பதிவாகிறது.

தமிழாசிரியர்:

மாற்றுச்சொல் என்று பதிவதை ஏற்கவில்லை. முதற்சொல் அது. அகற்சி அதன் குறை வடிவம். இப்படியே பதியவும்.

ஆசிரியை:

எல்லாருக்கும் நன்றி. 'மாலை அகற்சி' என்றே தாள் போய்விட்டது. இரண்டாவது தாள் அடுத்த மாதம் வருகிறது. அதில் வியாழன் சூரியனுக்கு நேர் எதிரே வந்து, அந்தியில் உதித்து இரவு முழுக்கத் தெரியும் நிலை இருக்கிறது. 'எதிர்நிலை' என்று போட்டுவிடட்டுமா?

தமிழாசிரியர்:

பொறுங்கள். எதிர்நிலை வேண்டாம். நாளைக் காலை விரிவாக எழுதுகிறேன்.