மராத்தி இயக்குநர் ஜப்பார் படேலின் நாடகம், சினிமா: உங்களை இன்னும் விடாத ஒரு காட்சி (அனுபவப் பகிர்வு)

கோலாப்பூர் கணக்கர்

'சாம்னா' படம் பார்த்தவர்களுக்குக் கதை சொல்ல வேண்டியதில்லை. நான் பார்த்தது ஒரு சர்க்கரை ஆலையின் ஊழியர் குடியிருப்பில், நண்பர் அறையில். எனக்கு அந்த ஆலையில் கணக்குப் பிரிவில் வேலை. ஆலையையும் ஊரையும் கைக்குள் வைத்திருக்கும் பாட்டீலாக நீலு பூலே. எங்கிருந்தோ வந்து சேரும் குடிகார வாத்தியாராக ஸ்ரீராம் லாகூ. "மாருதி காம்ப்ளேவுக்கு என்ன ஆச்சு?" ஊரில் காணாமல் போன ஆளைப் பற்றிய அந்த ஒரு கேள்வியைத்தான் வாத்தியார் திரும்பத் திரும்பக் கேட்பார். அதைக் கேட்டதும் அறையில் இருந்த மராத்தி நண்பர் ஒருவர் எழுந்து போய் ஜன்னலைச் சாத்தினார்.

காரணம் எங்கள் எல்லோருக்கும் தெரியும். பீட் மாவட்டத்திலிருந்து கரும்பு வெட்ட வந்த ஆள் ஒருவர், எடை குறைத்துப் போடுகிறார்கள் என்று எடைமேடையிலேயே நின்று சத்தம் போட்டிருந்தார். மறுநாளிலிருந்து ஆளைக் காணோம். அவர்களைக் கூட்டி வந்த மேஸ்திரியான முகாதமிடம் கேட்டேன். "ஊருக்குப் போயிட்டான்" என்றார். மனைவி மட்டும் அரிவாளோடு வயலில் நின்றாள். கரும்பு வெட்டில் கணவன் மனைவியை ஜோடியாகத்தான் கணக்கெடுப்பார்கள். ஒருவன் தன் ஜோடியையும் முன்பணக் கடனையும் விட்டுவிட்டு ஊருக்குப் போவானா?

கடைசி வரிசை

எனக்கு 'காஷிராம் கோத்வால்' நாடகம். எண்பதுகளில் மும்பையில் பார்த்தது. பிராமணர்கள் வரிசையாக நிற்பார்கள், அந்த வரிசைதான் திரை. அவர்கள் முதுகைத் திருப்பினால் ஒன்று மறையும், விலகினால் ஒன்று தெரியும். கோத்வால், அதாவது புனே நகரக் காவல் தலைவர் பதவிக்காகக் காஷிராம் தன் மகளைப் பேஷ்வா ஆட்சியின் அமைச்சர் நானா பட்னவீஸுக்குக் கொடுக்கிறான். அந்தப் பக்கம் அது நடக்க, இந்தப் பக்கம் பஜனை. டோலக்கு சத்தத்துக்கு என் கால் தாளம் போட்டுக்கொண்டிருந்தது. பக்கத்து இருக்கைக்காரர் காலும் அப்படித்தான். அரங்கம் முழுக்கத் தாளம். என்ன நடக்கிறது என்று உறைத்ததும் கால் நின்றுவிட்டது. இன்றைக்கும் கோயில் பஜனையில் அந்த நடை வந்தால் எனக்கு உடம்பு கூசும்.

மாட்டுங்காவாசி

கடைசி வரிசை சார், அந்த மனிதத் திரை, நாடகத்தை எழுதிய விஜய் டெண்டுல்கரின் பிரதியிலேயே இருக்கிறது. பாராட்டு அவருக்குப் போக வேண்டியது. நாடகம் வந்தபோது எங்கள் தெருவில் சண்டையே நடந்தது. பிராமணர்களைக் கேவலப்படுத்துகிறது, நானாவை அசிங்கப்படுத்துகிறது என்றார்கள். 1972 டிசம்பரில் புனேயில் மேடையேறி, 19 காட்சிகளோடு அதைப் போட்ட குழுவே நிறுத்திவிட்டது. ஆடியவர்கள் வெளியே வந்து தியேட்டர் அகாடமி என்ற புதுக் குழு தொடங்கித்தான் மறுபடி போட்டார்கள். 1980ல் ஐரோப்பா கிளம்பியபோதும் எதிர்ப்பு. நான் அதற்கெல்லாம் பிறகு பார்த்தேன், நன்றாக இருந்தது.

கடைசி வரிசை

பிரதியில் இருப்பதும் மேடையில் உடம்பாக நிற்பதும் ஒன்றா மாட்டுங்கா சார்? பாஸ்கர் சந்தாவர்க்கர் இசையையும் கிருஷ்ணதேவ் முல்குந்தின் ஆட்டத்தையும் சேர்த்து, பார்ப்பவன் காலை ஆட வைத்தது இயக்குநர். அப்புறம், அது ஒரு சாதியைத் திட்டும் நாடகம் என்று நீங்களும் நினைக்கிறீர்களா? நானா தனக்கு வேண்டும்போது ஒரு காஷிராமை உண்டாக்குகிறான், வேண்டாதபோது கல்லெறிந்து கொல்ல விடுகிறான். அந்த நானாவாக நடித்த மோகன் ஆகாஷே மனநல மருத்துவர், ஜப்பார் புனே பக்கம் தௌண்டில் குழந்தை மருத்துவம் பார்த்தவர். நோயின் மூலத்தைத் தேடும் கண் இரண்டு பேருக்கும் இருந்தது.

காப்பக அக்கா

நான் பெண்கள் காப்பகம் ஒன்றில் வேலை செய்கிறேன், ஊர் வேண்டாம். 'உம்பர்தா' படத்தில் ஸ்மிதா பாட்டீல் பெண்கள் காப்பகக் கண்காணிப்பாளராக நிர்வாகக் குழு முன்னால் உட்காரும் இடம்தான் எனக்கு. அவள் உள்ளே இருக்கும் பெண்களைப் பற்றிப் பேசுவாள், அவர்கள் காப்பகத்தின் பெயரைப் பற்றிப் பேசுவார்கள். எங்கள் குழுக் கூட்டத்தில், ஓடிப்போய்ப் பிடித்துவரப்பட்ட பெண் வாசலில் தரையில் உட்கார்ந்திருந்தாள். உள்ளே ஒரு மணி நேரமாக, வரப்போகும் விருந்தினருக்கு எந்த நிறத்தில் ஜன்னல் திரை போடுவது என்று பேச்சு. அவள் சாப்பிட்டாளா என்று ஒருவரும் கேட்கவில்லை. எனக்கு அப்போது ஸ்மிதாவின் முகம்தான் கண் முன்னால் நின்றது.

விழுப்புரம் தோழன்

நான் பார்த்தது 'டாக்டர் பாபாசாகேப் அம்பேத்கர்' மட்டும். 2000ல் வந்த படம், வழக்கு வரைக்கும் போய் 2010 டிசம்பரில்தான் தமிழ் பேசித் தியேட்டருக்கு வந்தது. தலித்துகளுக்குத் தடுக்கப்பட்டிருந்த மகாட் குளத்தில் அம்பேத்கராக நடித்த மம்மூட்டி தண்ணீரை அள்ளிக் குடித்ததும் பக்கத்தில் இருந்த பெரியவர் எச்சில் விழுங்கினார், அவ்வளவுதான்.

அக்கா, உங்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். 'உம்பர்தா'வில் அந்தக் கண்காணிப்பாளர் ராஜினாமா செய்துவிட்டுப் போகிறாளாம். நீங்கள் அதைச் செய்யாதீர்கள். முதலில் தினமும் நடப்பதைத் தேதி போட்டு உங்கள் சொந்த நோட்டில் எழுதி வையுங்கள், அலுவலகப் பதிவேடு போதாது. குழுக் கூட்டத்தில் நீங்கள் சொன்னது குறிப்பில் ஏறியதா என்று பார்த்து, ஏறவில்லை என்றால் எழுத்தில் கேளுங்கள். புகார் கொடுத்தால் ஸ்பீட் போஸ்ட்டில் அனுப்பி, போய்ச் சேர்ந்ததற்கான ஒப்புகையைப் பத்திரப்படுத்துங்கள். தனியாகக் கையெழுத்துப் போடாதீர்கள், உடன் வேலை செய்பவர் ஒருவரையாவது சேருங்கள். அந்தப் பெண்ணை மருத்துவரிடம் காட்டியிருந்தால் அந்தச் சீட்டின் நகலும் வேண்டும். குழுவில் ஒருவராவது நல்லவர் இருப்பார், கூட்டத்துக்கு முன்பே அவரைப் பார்த்துப் பேசிவிடுங்கள். அரசு மானியம் வாங்கும் இடம் என்றால் தகவல் உரிமைச் சட்டத்தில் கணக்கும் கேட்கலாம்.

காப்பக அக்கா

தம்பி, நோட்டு இருக்கிறது, நகலும் இருக்கிறது. நான் யோசனை கேட்கவில்லை. அந்தப் பெரியவரைப் பற்றி இன்னும் கொஞ்சம் எழுதியிருக்கலாம்.

மாட்டுங்காவாசி

கணக்கரே, 'சாம்னா'வில் ஊரை ஆட்டிவைத்த அதே நீலு பூலேதான் 1979ல் 'சிம்மாசன்' படத்தில் பத்திரிகைக்காரர் திகு. மந்திரி பதவிக்கான பேரம் எல்லாம் தெரிந்தும் ஒன்றும் செய்ய முடியாமல் கடைசியில் பைத்தியம் மாதிரி சிரிப்பார். நான் மும்பையில் தலைமைச் செயலகமான மந்த்ராலயா பக்கம் வேலை பார்த்தவன். பதவியேற்பு முடிந்த ஒரு மாலையில் செய்தியாளர் ஒருவர் படிக்கட்டில் உட்கார்ந்து, கண்ணில் தண்ணீர் வரச் சிரித்ததைப் பார்த்திருக்கிறேன். டெண்டுல்கர் எழுதிய படம்தான் அதுவும், கடைசி வரிசை சார் கவனிக்கவும்.

கடைசி வரிசை

கவனித்தேன். அந்தச் சிரிப்பை எந்தப் பிரதியில் எழுத முடியும்?