ஸ்டார்லட் ஹீட்டர் கோர் ஒழுகுது: பைபாஸ் செய்யிறதா, மாத்துறதா?

உப்புவெளிக்காரி

எல்லாருக்கும் வணக்கம். என்னட்ட இருக்கிறது 1993ஆம் ஆண்டு ஸ்டார்லட், ஈபி82, 1.3 எஞ்சின், மனுவல் கியர். அப்பா வாங்கின கார். அவர் போய் மூண்டு வருசம். அண்டையில இருந்து ஓடுறதும் நான்தான், பாக்கிறதும் நான்தான்.

இடப்பக்க சீட்டுக்கு முன்னால, அம்மா கால் வைக்கிற இடத்தில கார்பெட் ஈரம். முதல் ஏசித் தண்ணி எண்டுதான் நினைச்சன். கச்சான் காத்து அடிக்கிற காலத்தில நிலாவெளி ரோட்டில மத்தியானம் ஏசி இல்லாமல் போகேலாது, அதால ஏசி எந்த நேரமும் ஓடும். டவுணில ஒரு கராஜில காட்டினன். அவையும் ட்ரெயின் பைப் அடைச்சிருக்கு எண்டு ஊதி விட்டிச்சினம். கார்பெட்டைக் கழட்டி ரெண்டு நாள் வெயிலில காயப்போட்டுத் திரும்பப் போட்டன். பிறகு நாலு நாள் வேணுமெண்டே ஏசி போடாமல் கண்ணாடியை இறக்கி விட்டு ஓடினன். நாலாம் நாள் திரும்பவும் ஈரம்.

அப்பதான் ஒரு வெள்ளைத் துணியை வைச்சு அமத்திப் பார்த்தன். லேசான சிவப்பு. விரலில வழுவழுப்பு. காருக்குள்ள சீனிப்பாணி காய்ச்சின மாதிரி ஒரு மணம். ரிசேர்வ் டாங்கில கூலன்ட், அதுதான் எஞ்சினைக் குளிர வைக்கிற தண்ணி, கிழமைக்கு அரை விரல் குறையுது. காலமையில முன் கண்ணாடியின்ர உள்பக்கம் எண்ணெய் பூசின மாதிரி படலம் இருக்கு, துடைச்சால் போகாமல் இழுபடுது.

ஹீட்டர் கோர் போல, அதுதான் சூடான கூலன்ட் ஓடிக் காருக்குள்ள வாற காத்தைச் சூடாக்கிற, டாஷ்போட்டுக்குள்ள இருக்கிற சின்ன றேடியேட்டர். கேட்ட இடமெல்லாம் ஒரே பதில்: "திருகோணமலையில ஆருக்குப் பிள்ளை ஹீட்டர்? கோருக்குப் போற ரெண்டு ஹோஸையும் சேத்து பைபாஸ் பண்ணி விட்டால் சரி." எனக்கு அது சரிவராது. அக்கா நுவரெலியாவுக்குக் கிட்ட, லபுக்கலைப் பக்கம் தோட்டப் பள்ளிக்கூடத்தில படிப்பிக்கிறா. அம்மாவுக்கு முழங்கால் வருத்தம், பஸ்ஸில அவ்வளவு தூரம் ஏலாது. ஒவ்வொரு டிசம்பரும் நான்தான் கொண்டு போறனான். கந்தளாய், ஹபரணை, தம்புள்ளை, மாத்தளை, கண்டி, பிறகு புசல்லாவை, றம்பொடை. போன டிசம்பர் றம்பொடை வளைவுகளில பின்னேர மழையும் பனிப்புகாரும். கண்ணாடி உள்ளால மங்கத் தொடங்கினவுடன ஹீட்டரைத் திருகினன். இன்னும் மோசமாப் போச்சு. அண்டைக்கே அது ஒழுகத் தொடங்கியிருக்கு, எனக்குத்தான் விளங்கேல்ல. அம்மா சீலைத் தலைப்பால துடைச்சுத் துடைச்சு வந்தவ. எதிரில வந்த பஸ்ஸின்ர லைட் தெரிஞ்சது, பஸ் தெரியேல்ல. அந்த ஓட்டத்தை அம்மாவை வைச்சுக்கொண்டு நான் இன்னொருக்கா ஓட மாட்டன்.

ஹீட்டர் கோர்தான் எண்டு டாஷ்போட்டைக் கழட்ட முதல் எப்படி உறுதி செய்யிறது? மாத்தினால் எவ்வளவு வேலை? டிசம்பர் வரைக்கும் இப்படியே ஓடலாமா?

கிண்ணியா பாஸ்

தங்கச்சி, நீங்க சொன்னதுல முக்காவாசி விடை இருக்கு. ஏசித் தண்ணிக்கு நிறமும் இல்ல, மணமும் இல்ல, வழுக்காது. ஏசி போடாத நாளுல வராது. உங்கட கோர்தான்.

உறுதியாத் தெரிய வேணுமென்டா, எஞ்சின் நல்லா ஆறின பிறகு றேடியேட்டர் மூடியைக் கழட்டிட்டு பிரஷர் டெஸ்டரை மாட்டி 0.9 பார் வரைக்கும் கையால அடிக்கணும். முள்ளு இறங்குதா பாருங்க. இறங்குது, ஆனா பொனட்டுக்குள்ள எங்கயும் சொட்டு இல்ல, கீழ நிலத்துலயும் இல்லயென்டா, அது காருக்குள்ளதான் போகுது.

டிசம்பர் வரைக்கும் இப்படியே ஓட வேணாம். கூலன்ட் குறைஞ்சு ஒரு நாள் சூடேறினா எஞ்சின் ஹெட் வளைஞ்சிடும், பிறகு கோர் சின்ன வேலையாத் தெரியும். இப்போதைக்கு பைபாஸ் பண்ணுங்க. ஃபயர்வோலுக்குள்ள போற ரெண்டு ஹோஸையும் கழட்டிட்டு, எஞ்சின் பக்கத்து ரெண்டு வாயையும் ஒரே ஹோஸால வளைச்சு இணைக்கணும். ரெண்டையும் தனித்தனியா அடைச்சு விடக்கூடாது. சில எஞ்சின்ல தேமோஸ்டற், அதாவது எஞ்சின் சூடேறினா றேடியேட்டருக்கு வழி திறக்குற வால்வு, மூடியிருக்கிற நேரம் கூலன்ட் சுத்துற வழியே அதுதான்.

சில பேர் டாஷ்போட்டில இருக்கிற ஹீட்டர் லீவரைக் குளிருக்குத் தள்ளி வைச்சாப் போதும் என்பாங்க. அந்த லீவர் இழுக்கிற வால்வு ஒரு ஹோஸைத்தான் மூடும். மற்ற ஹோஸ் வழியா பிரஷர் கோருக்கு வந்துகொண்டே இருக்கும்.

என் கருத்து, பைபாஸோட விட்டிடலாம். டாஷ்போட் கழட்டினா முப்பது வருச பிளாஸ்டிக்கு, கிளிப் எல்லாம் உடையும். நம்ம பக்கம் ஹீட்டருக்காக அதைக் கழட்டின ஆளைக் கண்டதே குறைவு.

பெரியகடைப் பொடியன், ஸ்காபரோ

பிள்ளை, நான் திருகோணமலை பெரியகடையில பிறந்து வளந்தவன், இப்ப முப்பது வருசமாக் கனடாவில. இங்க கோர் போனால் குளிருக்குள்ள வண்டி எடுக்கேலாது, அதால என்ர கையால மூண்டு காருக்கு மாத்தியிருக்கிறன். பாஸ் சொன்ன சோதனையும் தற்காலிக பைபாஸும் முழுக்கச் சரி. பைபாஸோட விட்டிடலாம் எண்டதில மட்டும் எனக்கு உடன்பாடில்லை, பிள்ளையின்ர பாதை அப்படி.

கண்ணாடி ஏன் மங்குது? உள்காத்தில இருக்கிற ஈரம் குளிர்ந்த கண்ணாடியில படியுது. ஏசி அந்தக் காத்தில இருந்து ஈரத்தைப் பிழிஞ்செடுக்கும், அது நல்லது. ஆனால் பிழிஞ்ச காத்து குளிரா இருக்கும். அந்தக் குளிர் காத்தையே கண்ணாடிக்கு அடிச்சுக்கொண்டிருந்தால் கண்ணாடி இன்னும் குளிர்ந்து, மலைப் புகாரில வெளிப்பக்கமும் மங்கத் தொடங்கும். ஏசியால காய்ஞ்ச காத்தை ஹீட்டர் சூடாக்கி அனுப்பினால்தான் கண்ணாடி கெதியாத் தெளியும். ரெண்டும் சேர்ந்து ஓட வேணும். நுவரெலியா 1,868 மீட்டர் உயரம். அங்க ஹீட்டரை ஆடம்பரம் எண்டு சொல்லேலாது, பிரேக் மாதிரித்தான் பாக்க வேணும்.

மற்றது அந்தப் படலம். அது கூலன்டில இருக்கிற கிளைக்கோல் ஆவியாகிப் படிஞ்சது. ஈரத்தை இழுக்கிற சாமான், அதால கண்ணாடி இன்னும் கெதியா மங்கும். கோர் மாத்தின பிறகும் கண்ணாடியை நாலஞ்சு தரம் கழுவித் துடைச்சால்தான் போகும்.

வேலை செய்யிற நாளில கவனிக்க வேண்டியது: பற்றறியின்ர மைனஸைக் கழட்டுங்கோ. ஒவ்வொரு படியிலயும் போனால படம் எடுங்கோ. திருகாணியளை இடத்துக்கு இடம் தனித்தனிப் பையில போட்டுப் பேரெழுதுங்கோ. கோர் பைப்பில ஹோஸ் ஒட்டிப் பிடிச்சிருந்தால் முறுக்கி இழுக்காதேங்கோ, பிளேட்டால நீட்டுக்குக் கீறி உரியுங்கோ. ஏசி கொயில் ஹீட்டர் பெட்டிக்குப் பக்கத்திலதான் இருக்கும். அதின்ர பைப்பைக் கழட்ட வேண்டி வந்தால் முதல் ஏசிக்காரரிட்டக் குடுத்து காஸை எடுப்பியுங்கோ, காத்தில திறந்து விடக்கூடாது.

ஆரும் மஞ்சள்தூள் போடு, லீக் அடைக்கிற பவுடர் போடு எண்டு சொன்னால் கேக்காதேங்கோ. ஹீட்டர் கோரின்ர குழாயள் மெல்லிசு. ஓட்டைக்கு முதல் அதுகள்தான் அடைபடும்.

சீனக்குடா எலெக்ட்ரிக்

ஒரு சின்ன விசயம். புதுக் கோர் போட முதல் ஏன் பழையது ஓட்டையானது எண்டு பாருங்கோ. மீட்டரின்ர கறுப்பு வயரை பற்றறி மைனஸில வையுங்கோ, சிவப்பு முனையை றேடியேட்டர் வாயால கூலன்டுக்குள்ள மட்டும் விடுங்கோ, உலோகத்தில முட்டக் கூடாது. எஞ்சின் ஆறியிருக்கிற நேரம் மூடியைத் திறந்து, பிறகு ஸ்டார்ட் பண்ணி லைட், புளோவர், ஃபேன் எல்லாம் போட்டுப் பாருங்கோ. 0.3 வோல்டுக்கு மேல காட்டினால் எங்கேயோ எர்த் சரியில்லை, இல்லாட்டிக் கூலன்ட் செத்துப்போச்சு. அப்படி விட்டால் புதுக் கோரையும் அரிச்சிடும்.

எஞ்சினுக்கு என்ன தண்ணி விட்டனீங்கள்?

உப்புவெளிக்காரி

எல்லாருக்கும் நன்றி. சீனக்குடா அண்ணை கேட்ட கேள்விக்கு உண்மையைச் சொல்லுறன். கிணத்துத் தண்ணி. எங்கட வீடு கடற்கரையில இருந்து கூப்பிடு தூரம், கிணறு உவர். அப்பா எந்த நாளும் கூலன்ட் கான் வாங்கி வைச்சிருந்தவர். அவர் போன பிறகு குறையிற நேரமெல்லாம் நான் வாளியில அள்ளி விட்டிருக்கிறன், ரெண்டு வருசமா. என்ர பிழை. மீட்டர் 0.4 காட்டினது. எஞ்சினில இருந்து கார் பொடிக்குப் போற எர்த் வயர் பச்சை பூத்துப் போய் இருந்தது. சுரண்டித் திரும்ப இறுக்கினாப் பிறகு 0.2.

பைபாஸ் செய்திட்டன். ரிசேர்வ் டாங்க் பத்து நாளா அசையேல்ல. எண்டால் கோர்தான், வேற இடமில்லை.

பாஸ் நானா, நான் மாத்தத்தான் போறன். நீங்கள் செய்வீங்களோ?

கிண்ணியா பாஸ்

றம்பொடை கதையை இன்னொரு தரம் வாசிச்சேன் தங்கச்சி. அம்மாவைக் கொண்டு போற பாதை. கொண்டு வாங்க, ரெண்டு நாள் ஒதுக்கித் தாறேன். கோர் கொழும்பு பஞ்சிகாவத்தையில தேடணும், நான் சொல்லி வைக்கிறேன்.

உப்புவெளிக்காரி

நடந்ததை எழுதுறன், பழைய கார் வைச்சிருக்கிற வேற ஆருக்கும் உதவும்.

பஞ்சிகாவத்தையில இருந்து முதல் வந்தது பாவிச்ச கோர். பாக்கப் பளிச்செண்டு இருந்தது. நானா அதை அப்படியே பூட்டேல்ல. ஒரு பைப்பை ரப்பரால அடைச்சு, மற்றதில சைக்கிள் பம்ப் ஹோஸைக் கிளிப் போட்டு இறுக்கி, தண்ணிச் சட்டிக்குள்ள தாட்டு அடிச்சார். மூலையில ஊசிமுனை அளவு குமிழி, ஒண்டுக்குப் பின்னால ஒண்டு. அதைப் பூட்டியிருந்தால் டாஷ்போட்டை ரெண்டாந்தரம் கழட்ட வேண்டி வந்திருக்கும். திருப்பி அனுப்பி, பன்னிரண்டு நாளில வேற ஒண்டு வந்தது. அதில ஒரு குமிழியும் இல்லை. பாவிச்ச கோர் வாங்கிற ஆக்கள் தயவுசெய்து இந்தச் சட்டிச் சோதனை செய்யாமல் பூட்டாதேங்கோ.

டாஷ்போட் இறங்க ஒரு முழு நாள். நானா ஒவ்வொரு கிளிப்பையும் ஹெயார் ட்றையரால சூடு காட்டி இளக வைச்சுக் கழட்டினார். ரெண்டுதான் உடைஞ்சது. கொயிலைத் தொடாமல் ஹீட்டர் பெட்டியை வெளியில எடுத்தார், அதால ஏசி காஸ் தப்பினது. புளோவர் வாயில வேப்பிலைச் சருகு ஒரு பிடி. எங்கட முற்றத்து வேம்பு. பழைய கோரின்ர கீழ்த் தையல் முழுக்க வெள்ளை உப்பும் துருவும். அதைக் கையில வைச்சுக்கொண்டு கொஞ்ச நேரம் நிண்டனான். ரெண்டு வருசக் கிணத்துத் தண்ணி அப்படியே அதில தெரிஞ்சது.

பழைய ஃபோம் தொடத் தூளாப் போச்சு. கோரைச் சுத்திப் புது ஃபோம் ஒட்டிறதை விட்டிடாதேங்கோ. இல்லாட்டிக் காத்து கோருக்குள்ளால போகாமல் பக்கத்தால போயிடும், ஹீட்டர் இருந்தும் சூடு வராது. கையோட ரெண்டு ஹோஸும் கிளிப்பும் புதுசு.

எஞ்சினைக் குழாய்த் தண்ணியால கழுவிக் கழுவி, தெளிஞ்சு வந்த பிறகு காய்ச்சி வடிச்ச தண்ணியும் கூலன்டும் சரிபாதி விட்டது. உள்ள மாட்டின காத்தை வெளியில எடுக்க, காரின்ர முன்சில்லு ரெண்டையும் றாம்பில ஏத்தி, மூடி திறந்தபடி, ஹீட்டரை முழுச் சூட்டில வைச்சு ஓட விட்டார். முதல் டாஷ்போட்டுக்குள்ள கொளகொள எண்டு சத்தம். தேமோஸ்டற் 82 பாகை அளவில திறந்தவுடன ஒரு குமிழி பெரிசா வந்து தண்ணி இறங்கினது. நிரப்பி, ஆற விட்டு, அடுத்த நாளும் ஒருக்கால் நிரப்பினம்.

வடிச்ச பழைய கூலன்டை நானா ரோட்டு வடிகானுக்குள்ள விட விடேல்ல. ஒரு கலனில அடைச்சு வைச்சார். அது நஞ்சு, ஆனால் இனிப்பு. எங்கட டவுணில மான் ரோட்டில திரியுது, ஆடு மாடு நாய் எல்லாம் வடிகானில வாய் வைக்கும். வீட்டில வேலை செய்யிற ஆக்கள் இதை மறக்க வேண்டாம்.

பெரியகடைப் பொடியன், ஸ்காபரோ

சட்டிச் சோதனையும் மானும் வாசிச்சுச் சந்தோசம். டிசம்பர் போய் வந்து எழுதுங்கோ பிள்ளை.

உப்புவெளிக்காரி

இப்ப லபுக்கலையில இருந்து எழுதுறன். நேற்றுப் பின்னேரம் நாலரைக்கு றம்பொடை ஏறினம். போன வருசத்தை விட மழை கூட. ஏசியும் ஹீட்டரும் ரெண்டையும் போட்டுக் காத்தை முன் கண்ணாடிக்கு விட்டன். ரெண்டு நிமிசம் ஆகேல்ல, கீழ் விளிம்பில இருந்து தெளிஞ்சு மேல ஏறினது. அம்மா ஒரு துவாயை மடியில ஆயத்தமா வைச்சிருந்தவ. ரெண்டாவது வளைவில அதைப் போத்திக்கொண்டு நித்திரை.

காலமை பொனட்டைத் திறந்து பார்த்தன். ரிசேர்வ் டாங்க் உப்புவெளியில வைச்ச அதே கோட்டில நிக்குது. கார்பெட் காய்ஞ்சபடி இருக்கு.