சிபுல்ஸ்கி ஏன் எப்போதும் கறுப்புக் கண்ணாடியிலேயே இருக்கிறார்?

தக்கலைக்காரன்:
டிசம்பர்ல திருவனந்தபுரம் திரைப்பட விழாவுக்குப் போறதுக்கு முன்னால பழைய போலந்துப் படங்களா பார்த்துக்கிட்டிருக்கேன். நேத்து இயக்குநர் ஆந்த்ஷே வாய்தாவின் 'சாம்பலும் வைரமும்' (1958). கதை நடக்கிறது 1945 மே மாதம், போர் முடிகிற நேரம். ஆனால் நாயகன் சிபிக்னியெவ் சிபுல்ஸ்கி மட்டும் ஐம்பதுகளின் காலேஜ் பையன் மாதிரி கறுப்புக் கண்ணாடியும் ஜாக்கெட்டுமாகத் திரிகிறார். இதை எப்படி விட்டார்கள்? இவருடைய வேறு எதைப் பார்க்கலாம், தெரிந்த அண்ணன்மார் சொல்லுங்க.

குளச்சல் அலை:
அவர் பிடித்த பிடிவாதம்தான் தம்பி. அந்தக் கால உடுப்பு வேண்டாம் என்று தன் சொந்த உடுப்பிலேயே நடித்தார், வாய்தாவும் சரி என்றுவிட்டார். 1958ல் தியேட்டரில் உட்கார்ந்திருந்த இளவட்டங்களுக்கு அவன் பக்கத்துத் தெருப் பையன் மாதிரி இருந்தான், படம் பிடித்துக்கொண்டதே அதனால்தான். நிஜத்திலும் அவருக்குக் கிட்டப்பார்வை. கதையிலும் காரணம் உண்டு, 1944ல் ஜெர்மானியரை எதிர்த்து நடந்த வார்சா எழுச்சியில் சாக்கடைக்குள் ரொம்ப நேரம் கிடந்த கண். பாரில் மது கிளாஸ்களைப் பற்றவைக்கிறானே, செத்த கூட்டாளிகளின் பேர் ஒவ்வொன்றாக வர வர, அந்த இடத்தைத் திரும்பப் போட்டுப் பாருங்க.

மார்த்தாண்டம் டீச்சர்:
இவரைப் 'போலந்தின் ஜேம்ஸ் டீன்' என்று எழுதுவது எனக்கு எரிச்சல். ஹாலிவுட் நடிகர் டீன் நடித்த பெரிய படங்களே மூன்றுதான், இவர் பத்து வருஷத்துக்கு மேல் விதவிதமாக நடித்தவர். நம்ம ஒழுகினசேரி கலைவாணர் மாதிரி இவரும் நாடகத்தில் இருந்து வந்த ஆள். கிராகூவில் நடிப்புப் படித்துவிட்டு, நடிகர் கோபியேலாவோடு சேர்ந்து க்தான்ஸ்கில் 'பிம்-பொம்' மாணவர் நாடகக்குழுவை நடத்தினார். நீங்க பார்த்த படத்தில் விருந்தில் குடித்துவிட்டுத் தீயணைப்புக் கருவியைப் பீய்ச்சி அடிக்கிறவர்தான் அந்தக் கோபியேலா! இயக்குநர் ஹாஸ் எடுத்த 'எப்படி நேசிக்கப்படுவது' (1963) கட்டாயம் பாருங்க, சிபுல்ஸ்கி போர்க்காலத்தில் ஒரு நடிகையின் வீட்டில் ஒளிந்து கிடக்கிற ஆளாக வருகிறார், வீரம் பூராவும் உதிர்ந்த வேஷம். அதே ஹாஸ் எடுத்த 'சரகோசா கையெழுத்துப் பிரதி' (1965) மூன்று மணி நேரம் ஓடும், கதைக்குள் கதை, அதற்குள் இன்னொரு கதை.

குளச்சல் அலை:
டீச்சர் சொன்னது சரிதான். ஆனால் 'எல்லாம் விற்பனைக்கு' (1969) இல்லாமல் முடியாது. 1967 ஜனவரி 8 அன்று சிபுல்ஸ்கி விரோத்ஸ்வாஃப் ஸ்டேஷனில் நகர்ந்துவிட்ட ரயிலில் ஓடி ஏறப்போய் விழுந்து செத்தார், வயது 39தான். அதை வைத்து வாய்தா எடுத்த படம் இது, படப்பிடிப்புக்கு வராத ஒரு நடிகனை எல்லோரும் தேடுகிறார்கள், அவன் பேரைக்கூடச் சொல்ல மாட்டார்கள்.

தக்கலைக்காரன்:
அப்போ முதல்ல 1963 படம், அப்புறம் இது. தமிழ் சப்டைட்டில் கிடைக்காது, மலையாளம் இருந்தாலும் லிங்க் போடுங்க, இங்க வாசிக்க ஆள் உண்டு.