புதுப்பிப்பு: அந்த தனுஷ்கோடி முத்திரை 54ஆ, 64ஆ?

பழைய பேப்பர் கடையில் கிடைத்த அஞ்சலட்டையில் தனுஷ்கோடி முத்திரை இருக்கிறது, ஆண்டு மட்டும் 54ஆ 64ஆ என்று தெரியவில்லை என்று போன வாரம் கேட்டிருந்தேனே, விடை கிடைத்துவிட்டது.

அட்டையில் அச்சிட்ட விலை நயா பைசாவில் இருக்கிறது. நயா பைசா வந்ததே 1957 ஏப்ரல் 1இல்தான். ஆக, 54க்கு வழியில்லை. அப்புறம், அட்டையை டார்ச் அடித்துச் சாய்த்துப் பார்த்தால், முகவரிமேல் மதுரையின் பட்டுவாடா முத்திரை: 27 நவம்பர் 64. மை பரவிய '6'இன் வால்தான் என்னைக் குழப்பியிருக்கிறது.

அதே ஆண்டு டிசம்பர் 22 இரவில் புயல் தனுஷ்கோடியையே கொண்டுபோனது. அட்டையில் இருப்பதோ, 'கருவாடு அடுத்த மாதம் அனுப்புகிறேன்' என்ற ஒரு வரி.

முத்திரையை மட்டும் வெட்டி ஆல்பத்தில் ஒட்டச் சொன்னவர்களுக்கு: மாட்டேன். முழு அட்டையாகவே இருக்கட்டும்.