‘மக்கி’, ‘ஈச்சா’ பார்த்தவர்கள் கொஞ்சம் உதவுங்களேன்

வணக்கம் நண்பர்களே. ராஜமௌலியின் ‘நான் ஈ’ (2012) இந்தியில் ‘மக்கி’, மலையாளத்தில் ‘ஈச்சா’ என்று டப் ஆனது. தெலுங்கிலும் தமிழிலும் சேர்த்தே எடுத்த படம் அது. டப்பிங்கிலும் அதன் ஈர்ப்பு குறையாதது ஏன் என்று காட்சி காட்சியாகக் குறிப்பெடுக்கிறோம்.

டப்பிங்கை முதலில் காட்டிக்கொடுப்பவை ப, ம எழுத்துகள்தான். உதடு மூடும் இடத்தில் ‘க’வோ ‘அ’வோ விழுந்தால் குளோசப்பில் உறுத்தும். விநாடிக்கு 24 ஃபிரேம். சில ஃபிரேம் பிசகினாலே கண் கண்டுபிடித்துவிடும். இங்கே பழிவாங்கும் நாயகனோ ஈ. பேச்சே கிடையாது, ரீங்காரத்துக்கு டப்பிங்கும் வேண்டாம்! சுமையெல்லாம் வில்லன் சுதீப் வாயில்தான்.

எனவே நீராவிக் குளியல் காட்சியைக் கவனியுங்கள். அவர் அலறல், மூச்சிரைப்பு, முனகல் எல்லாம் வசனம் பேசும் அதே குரலா, வேறா? புதிதாகப் பதிந்ததென்றால் அறையின் எதிரொலி இல்லாமல் வறட்சியாகக் கேட்கலாம். ஹெட்போன் போட்டால்தான் பிடிபடும்.

அப்படிக் கேட்கும் இடத்தின் நேரக்குறிப்போடு, அதற்கு முந்தைய வசனத்தையும் எழுதுங்கள். டிவி பதிப்பில் வெட்டு இருந்தால் நேரம் மட்டும் போதாது. ‘ஈச்சா’ பார்த்தவர்கள் யாராவது இருக்கிறீர்களா?