பீட் போஸில்த்வெயிட்: அப்பாக்களாக வாழ்ந்த துணை நடிகர்

பிரிட்டிஷ் நடிகர் பீட் போஸில்த்வெயிட்டை நான் முதலில் பார்த்தது 1993-இல் வந்த 'இன் தி நேம் ஆஃப் தி ஃபாதர்' படத்தில். இங்கிலாந்தின் கில்ஃபோர்ட் நகரில் நடந்த குண்டுவெடிப்பு வழக்கில் அநியாயமாகத் தண்டிக்கப்பட்ட ஜெர்ரி கான்லனாக டேனியல் டே லூயிஸ். மகனுக்கு உதவ பெல்ஃபாஸ்ட்டிலிருந்து லண்டனுக்கு வந்து, தானும் சிறைக்குள் போய்விடும் நோயாளி அப்பா ஜுசெப்பே கான்லனாக இவர். மகன் கொதிக்கிறான், சுவரில் மோதாத குறையாகத் தவிக்கிறான். அப்பாவோ இருமலோடும் ஜெபத்தோடும் தன் நேர்மையை விடாமல் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார். நிஜத்தில் இருவரையும் ஒரே அறையில் அடைத்து வைக்கவில்லை. அது படத்துக்காகச் செய்த மாற்றம். அதைத் தெரிந்துகொண்ட பிறகும் அந்தச் சிறையறைக் காட்சிகளின் வலி எனக்குக் குறையவில்லை. சிறந்த துணை நடிகருக்கான ஆஸ்கர் பரிந்துரை அவருக்குக் கிடைத்தது இந்த வேடத்துக்குத்தான்.

பிறகுதான் பின்னோக்கிப் போய் 1988-இல் டெரன்ஸ் டேவிஸ் இயக்கிய 'டிஸ்டன்ட் வாய்சஸ், ஸ்டில் லைவ்ஸ்' பார்த்தேன். லிவர்பூல் தொழிலாளர் வீடு ஒன்றில் மனைவி மக்களை அடித்து நொறுக்கும் அப்பா. கிறிஸ்துமஸுக்கு முந்தைய இரவு, தூங்கும் பிள்ளைகளை அன்பு ததும்பப் பார்த்து வாழ்த்துகிறார். அடுத்து, விருந்து மேசையில் பேசாமல் உட்கார்ந்திருந்தவர் திடீரென்று மேசைவிரிப்போடு எல்லாவற்றையும் இழுத்துத் தள்ளி, சுத்தம் செய்யச் சொல்லி மனைவியை அதட்டுகிறார். இரண்டும் ஒரே மனிதன் என்று நம்ப வைக்கிறார். நல்ல அப்பாவாக நடிப்பதைவிட இது எத்தனையோ மடங்கு கடினம்.

*

மேலே எழுதியவருக்கு நன்றி. எனக்கு அவர் என்றால் 1996-இல் வந்த 'பிராஸ்ட் ஆஃப்' டேனிதான். யார்க்‌ஷயரில் மூடப்படவிருக்கும் நிலக்கரிச் சுரங்கம், அங்கே ஒரு பித்தளை வாத்தியக் குழு, அதன் இசை நடத்துநர் இவர். நுரையீரல் முழுக்கக் கரித்தூள். மகன் கடனில் மூழ்கிக் குடும்பத்தை இழந்து நிற்க, அப்பாவுக்கு இசைப் போட்டியைத் தவிர வேறெதுவும் கண்ணில் படவில்லை. ராயல் ஆல்பர்ட் ஹாலில் வென்ற பிறகு கோப்பையை மறுத்து, இசையைவிட மனிதர்களே முக்கியம் என்று பேசுகிறார். அந்தப் பேச்சை அரசியல் மேடைப் பேச்சாக்குவது எளிது. இவர் பேசுவதைக் கேட்டால், மகனிடம் மன்னிப்புக் கேட்க வழி தெரியாத ஒரு அப்பா ஊரறியக் கேட்கும் மன்னிப்பாகவே எனக்குப் படுகிறது.

'இன்செப்ஷன்' (2010) படத்திலும் அவர் அப்பாதான். மரணப் படுக்கையில் சில நிமிடங்கள்தான் வருகிறார். கதையின் மொத்தச் சதியும் அந்த அப்பாவுக்கும் மகனுக்கும் இடையே உள்ள கசப்பின்மேல் நிற்கிறது. அத்தனை குறைந்த நேரத்தில் அந்தக் கசப்பை நாம் நம்பியாக வேண்டும், நம்பிவிடுகிறோம்.

*

தொலைக்காட்சியை விட்டுவிட்டீர்களே! 'ஷார்ப்' தொடரில் அவருடைய ஒபதையா ஹேக்ஸ்வில்லைப் பார்த்தவர்கள் எளிதில் மறக்க மாட்டார்கள். அப்படியொரு கொடியவன். ஆனால் நான் சொல்ல வந்தது 1999-இல் வந்த 'லாஸ்ட் ஃபார் வேர்ட்ஸ்' என்ற தொலைக்காட்சிப் படம். இதில் அவர் மகன். பக்கவாதத்தால் பேச்சு தடுமாறும் முதிய தாயாக தோரா ஹர்ட். அம்மா தவறான சொல்லைச் சொல்லும்போது அவர் திருத்துவதில்லை. புரிந்துகொண்டு மேலே பேசுகிறார். பராமரிப்பில் இருக்கும் பெற்றோருடன் வாழ்கிறவர்களுக்கு இந்தப் பொறுமை எவ்வளவு அரிது என்று தெரியும். என் மாமியாரோடு உட்கார்ந்துதான் பார்த்தேன். ஆங்கிலம் அதிகம் புரியாத அவர், "இந்தப் பையன் நல்ல பையன்" என்றார்.

போஸில்த்வெயிட் நாடகக் கலை கற்பிக்கும் ஆசிரியராக இருந்து நடிப்புக்கு வந்தவர். லிவர்பூல் எவ்ரிமேன் நாடக அரங்கில்தான் நடிகராக வளர்ந்தார். புகழ் பெற்ற பிறகு 2008-இல் அதே அரங்குக்குத் திரும்பிப் போய் ஷேக்ஸ்பியரின் லியர் மன்னனாக நடித்தார். அதுவும் ஒரு அப்பாவின் வேடம். 2011 ஜனவரியில், 64 வயதில், புற்றுநோயால் இறந்தார். தேடுகிறவர்கள் 'லாஸ்ட் ஃபார் வேர்ட்ஸ்' படத்திலிருந்து தொடங்குங்கள். டேவிஸின் படத்தை அதற்குப் பிறகு பாருங்கள். அந்தக் கொடுமைக்கார அப்பாவாக இவரால் எவ்வளவு தூரம் போக முடிந்திருக்கிறது என்பது அப்போதுதான் முழுமையாகத் தெரியும்.